ஓய்வுநாள் பள்ளிக் கதை

வீடு, வழிபாடு, பள்ளிக்கூடம் ஆகிய மூன்றையும் களமாகக் கொண்டு, சிறுவர்களைக் கிறிஸ்தவ விசுவாசத்தில் வளர்ப்பதற்காக எழுதப்பட்ட உரைநடைக் கதை வகை. 18ஆம் நூற்றாண்டின் இறுதியில் இங்கிலாந்தில் தோன்றியது. 19ஆம் நூற்றாண்டில் ஆங்கிலம் வழங்கும் நாடுகளில் பெருந்தொகையாக அச்சாகி, மிஷனெரிகளோடு கப்பலேறி வங்காளம், சென்னை, இலங்கை வரை வந்தது. வேதாகமக் கதைகளை எளிமையாக்கிச் சொல்லும் நூல்கள் இதில் சேரா. தாவீதும் யோசேப்பும் இதன் நாயகர்கள் அல்லர். பொம்மைக்குச் சண்டை போடும் அக்கா தங்கை, படுக்கையருகே முழங்காலிடக் கூசும் மாணவன், குடிகாரத் தாயிடம் அடிபடும் தெருக்குழந்தை ஆகியோரே இதன் மாந்தர்கள். இலக்கிய வரலாறுகள் இதை ஓரிரு வரியில் கடந்துவிடுவது வழக்கம். ஆனால் குழந்தையை அச்சத்தால் திருத்துவதா, அன்பால் திருத்துவதா என்ற வழக்கு ஒரு நூற்றாண்டுக் காலம் இந்தப் புத்தகங்களில்தான் நடந்தது. அந்த வழக்கில் எழுதியவர்களே சில சமயம் கட்சி மாறினார்கள்.

தோற்றம்

வாசகர்களை முதலில் உண்டாக்கியது பள்ளி. குளோஸ்டர் நகரில் செய்தித்தாள் நடத்திவந்த ராபர்ட் ரெய்க்ஸ், 1780இல் ஏழைப் பிள்ளைகளுக்கு ஞாயிற்றுக்கிழமைகளில் எழுத்தறிவிக்கும் ஓய்வுநாள் பள்ளிக்கு ஏற்பாடு செய்தார். மற்ற ஆறு நாளும் அந்தப் பிள்ளைகளுக்கு வேலை. வேதாகமத்தை வாசிக்கச் செய்வதே நோக்கம். ஆனால் வாசிக்கப் பழகிய கண் வேதாகமத்தோடு நிற்காது. தாமஸ் பெயினின் 'மனித உரிமைகள்' 1791–92இல் வெளிவந்து மலிவுப் பதிப்புகளாகத் தொழிலாளர் நடுவே பரவியது. சந்தைகளில் கொலைக் கதைகளும் காதல் பாட்டுகளும் காசுக்கு விற்றன. ஏழைகளின் கையில் இவை போவதைக் கண்டு கலங்கியவர்களில் ஒருவர் ஹன்னா மோர். லண்டன் நாடக மேடைக்கு எழுதிப் பெயர் வாங்கியபின் பக்தி வாழ்வுக்குத் திரும்பியவர். 1789 முதல் மெண்டிப் மலைப்பகுதிச் சிற்றூர்களில் தங்கையோடு சேர்ந்து பள்ளிகள் நடத்தினார். அங்கே வாசிப்பு உண்டு, எழுத்து கிடையாது. ஏழைக்கு எழுதத் தெரிவது ஆபத்து என்பது அவர் எண்ணம்.

1795 முதல் 1798 வரை அவர் வெளியிட்ட மலிவுக் கைப்பிரதிகள், சந்தைப் புத்தகத்தைப் போலவே மரச்செதுக்குப் படத்தோடும் அதே விலையிலும் வந்தன. உள்ளே மட்டும் உழைப்பு, பொறுமை, ஞாயிறு ஆசரிப்பு. முதல் ஆண்டிலேயே 20 லட்சத்துக்கு மேல் போயின. இந்தக் கணக்கில் ஒரு சூட்சுமம் உண்டு: இவற்றைக் கட்டுக்கட்டாக வாங்கியவர்கள் பெரும்பாலும் செல்வர்கள், வாங்கி ஏழைகளுக்கு வழங்கினார்கள். வாங்குபவர் ஒருவர், வாசிப்பவர் இன்னொருவர் என்ற இந்த ஏற்பாடு ஓய்வுநாள் பள்ளிக் கதையைக் கடைசிவரை விடவில்லை. அதன் பெருவிற்பனைக்கும் அதன் சலிப்புக்கும் காரணம் இதுவே. 1799இல் லண்டனில் சமயக் கைப்பிரதிச் சங்கம் தொடங்கியதும் இந்த வேலை நிரந்தர அமைப்பாயிற்று.

வீடு: தகப்பன் கடவுளின் இடத்தில்

குடும்பக் கதைக்கு உருவம் கொடுத்தவர் மேரி மார்த்தா ஷெர்வுட் (1775–1851). போதகர் வீட்டுப் பெண். ஆறு வயது முதல் பதின்மூன்று வயது வரை, முதுகு நிமிர்வதற்காகக் கழுத்தில் இரும்புப் பட்டை மாட்டி, நின்றபடியே பாடம் படிக்க வைத்தார்கள் என்று தன் வரலாற்றில் அவரே எழுதியிருக்கிறார். படைத்தலைவர் ஒருவரை மணந்து 1805இல் இந்தியாவுக்கு வந்து, கான்பூர் முதலிய பாளையங்களில் வாழ்ந்தார். படைவீரர்களின் பிள்ளைகளுக்குப் பள்ளி நடத்தினார். தம் குழந்தைகள் இருவரை இந்திய மண்ணிலேயே பறிகொடுத்தார். 1814இல் வெளிவந்த 'சின்ன ஹென்றியும் அவன் ஊழியனும்' அந்தத் துக்கத்தின் சாயல் படிந்தது. பெற்றோரை இழந்த வெள்ளைக்காரச் சிறுவனை இந்திய ஊழியன் ஒருவன் வளர்க்கிறான். சிறுவன் விசுவாசத்தில் இறக்க, ஊழியனும் மனந்திரும்புகிறான். இந்துஸ்தானி, சீனம், சிங்களம் உட்படப் பல மொழிகளுக்கு இது போனது. இறந்துபோகும் பக்திக் குழந்தை என்ற பாத்திரம் இதற்குப் பிறகு மலிந்துவிட்டது.

அவருடைய பெருநூல் 1818இல் வந்த 'ஃபேர்சைல்டு குடும்பத்தின் வரலாறு'. லூசி, எமிலி, ஹென்றி என்ற மூன்று குழந்தைகள், கிராமத்து வீடு, ஒவ்வொரு அத்தியாயத்திலும் ஒரு தவறு, ஒரு தண்டனை, ஒரு ஜெபம். பிள்ளைகளுக்குள் சண்டை வந்ததும் தகப்பன் பிரம்பெடுக்கிறார். அதோடு விடாமல், உடன்பிறந்தவனைக் கொன்ற ஒருவனின் பிணம் சங்கிலியில் தொங்கும் தூக்குமரத்தடிக்கு அவர்களை நடத்திச் சென்று, பகையின் முடிவு இதுவென்று காட்டுகிறார். லத்தீன் படிக்க மாட்டேன் என்ற ஹென்றியோடு வீட்டில் யாரும் பேசக் கூடாது என்று கட்டளையிடுகிறார். பிள்ளைக்குக் கடவுளின் இடத்தில் தகப்பன் நிற்கிறான் என்பது அவர் வாதம். தாய் சொல்லைத் தட்டி நெருப்போடு விளையாடிய பக்கத்து வீட்டுச் சிறுமி எரிந்தே போகிறாள்.

இவ்வளவு கொடுமையான புத்தகத்தைப் பல தலைமுறைக் குழந்தைகள் விரும்பி வாசித்தார்கள் என்பதுதான் வியப்பு. காரணம் எளிது. ஷெர்வுட்டுக்குக் குழந்தைகளின் குறும்பு தெரியும்; அவர்கள் தின்பதையும் ஒளிவதையும் பொய் சொல்வதையும் மற்றவர்களைவிட உயிரோடு எழுதினார். ஜெபத்தைத் தாண்டிவிட்டுக் குறும்பை மட்டும் வாசிப்பது யாருக்கும் முடியும். பிற்காலத்தில் அவர், சிலரே மீட்புக்குத் தெரிந்துகொள்ளப்பட்டவர்கள் என்ற கால்வினியக் கொள்கையை விட்டு, கடைசியில் எல்லா ஆத்துமாக்களும் மீட்கப்படும் என்ற நம்பிக்கைக்கு வந்தார். 1842இலும் 1847இலும் வந்த இரண்டாம், மூன்றாம் பாகங்களின் குரல் தணிந்திருக்கிறது. ஆனால் முதல் பாகம் அதே அச்சுறுத்தலோடு விற்றுக்கொண்டிருந்தது.

தெரு: குழந்தை பெரியவரைத் திருத்துகிறது

பெரியவர் குழந்தையைத் திருத்தும் இந்த வரிசையைத் தலைகீழாக்கியவர் ஹெஸ்பா ஸ்ட்ரெட்டன். இயற்பெயர் சாரா ஸ்மித் (1832–1911). ஷ்ராப்ஷயரில் புத்தகக் கடைக்காரரின் மகள். அவருடைய 'ஜெசிக்காவின் முதல் ஜெபம்' 1866இல் சமயக் கைப்பிரதிச் சங்கத்தின் இதழில் வந்து, மறு ஆண்டு நூலாயிற்று. ரயில் பாலத்தடியில் காப்பிக் கடை வைத்திருக்கும் டேனியல், ஞாயிறானால் வசதி படைத்தவர்கள் தொழும் ஆலயம் ஒன்றின் பராமரிப்புப் பணியாளன், திருநெல்வேலி வழக்கில் சொன்னால், கோவில்பிள்ளை. கடை நடத்துவது சபையாருக்குத் தெரிந்தால் மதிப்புப் போய்விடும் என்று மறைத்து வாழ்கிறவன். குடிகார நடிகையின் மகளான ஜெசிக்கா காப்பி வாசனைக்கு வந்து நிற்கிறாள். கீழே விழுந்த காசைக் காலால் மறைத்துக்கொண்டவள், மனம் பொறுக்காமல் தானே எடுத்துக் கொடுத்துவிடுகிறாள். பின்பு அவன் பின்னாலேயே போய் ஆலயத்தைக் கண்டுபிடிக்கிறாள். கந்தல் உடுத்த பிள்ளையை எந்த இருக்கையில் உட்கார வைப்பது என்று தெரியாமல் சபை தடுமாறுகிறது. கடவுள் யார் என்று அறியாத அவள் கேட்கும் கேள்விகளில் டேனியலின் காசாசை அவனுக்கே தெரியவருகிறது. இங்கே மனந்திரும்புகிறவன் பெரியவன்.

15 லட்சம் பிரதிகளுக்கு மேல் விற்ற நூல் இது. ரஷ்யப் பேரரசர் இரண்டாம் அலெக்சாந்தர் இதைப் பள்ளிகளில் வைக்க ஆணையிட்டதாகவும், அடுத்து வந்தவர் அதை நீக்கியதாகவும் ஸ்ட்ரெட்டனின் வரலாறுகள் கூறும். சபையின் போலி மரியாதையை இவ்வளவு வெளிப்படையாகச் சாடிய கதையை ஒரு சமயச் சங்கமே அச்சிட்டது அந்தச் சங்கத்துக்குப் பெருமை. ஸ்ட்ரெட்டன் எழுத்தோடு நிற்கவில்லை. 1884இல் லண்டனில் குழந்தைகள் மீதான கொடுமையைத் தடுக்கும் சங்கத்தைத் தொடங்கியவர்களில் ஒருவர். பிற்பாடு அதன் பணக் கையாளுகை சரியில்லை என்று விலகினார்.

இங்கிலாந்தின் 1870ஆம் ஆண்டுக் கல்விச் சட்டத்துக்குப் பிறகு பள்ளிகள் பெருகின. தவறாமல் வந்தவருக்கும் வசனம் ஒப்பித்தவருக்கும் பரிசுப் புத்தகம் கொடுப்பது வழக்கமாயிற்று. பதிப்பாளர்கள் பரிசு விலைக்கு ஏற்றபடி, பளபளக்கும் அட்டையோடு வரிசை வரிசையாக அடித்தார்கள். நல்லதும் சாரமற்றதும் ஒரே அட்டைக்குள் வந்த காலம் அது.

விடுதி: தோழர்கள் நடுவே விசுவாசம்

வீட்டுக் கதையில் தகப்பன் இருந்த இடத்துக்குப் பள்ளிக் கதையில் தலைமையாசிரியர் வந்தார். தாமஸ் ஹியூஸ் 1857இல் பெயர் போடாமல் வெளியிட்ட 'டாம் பிரவுனின் பள்ளி நாட்கள்', தாமஸ் ஆர்னால்டு தலைமையாசிரியராக இருந்த ரக்பி பள்ளியைக் களமாகக் கொண்டது. புதிதாக வந்த மெலிந்த சிறுவன் ஆர்தர், விடுதியில் எல்லார் முன்னும் முழங்காலிட்டு ஜெபிக்கிறான். செருப்பு பறந்து வருகிறது. வீட்டில் கற்ற ஜெபத்தைக் கேலிக்கு அஞ்சி விட்டிருந்த டாம், மறுநாள் தானும் முழங்காலிடுகிறான். துணிவும் பக்தியும் ஒன்றே என்று காட்ட ஹியூஸுக்கு இந்த ஒரு காட்சி போதும். நூலின் மற்றப் பகுதிகளில் பந்தாட்டமும் குத்துச்சண்டையும்தான் அதிகம்.

அடுத்த ஆண்டே வந்த 'எரிக்' வேறு ரகம். ஆசிரியர் ஃபிரடெரிக் ஃபாரர் பம்பாயில் பிறந்தவர், அப்போது ஹாரோ பள்ளி ஆசிரியர். பெற்றோர் இந்தியாவில் இருக்க, விடுதிப் பள்ளியில் படிக்கும் எரிக், ஒரு கெட்ட சொல்லைத் தடுக்காமல் விட்டதில் தொடங்கி, புகை, குடி என்று படிப்படியாகச் சரிகிறான். தம்பி சாகிறான், தோழன் சாகிறான், கடைசியில் அவனும் சாகிறான். கண்ணீர் ததும்பும் இந்த நூல் ஃபாரர் காலத்திலேயே பல பதிப்பு கண்டது. கிப்ளிங் 1899இல் எழுதிய பள்ளிக் கதைகளில் 'எரிக்' என்ற பெயரே மாணவர்களுக்குக் கேலிப்பொருள். ஃபாரரும் ஷெர்வுட்டின் வழியே போனார்: 1877இல் வெஸ்ட்மின்ஸ்டர் ஆலயத்தில் முடிவில்லா நரகத் தண்டனையை மறுத்துப் பிரசங்கித்து, சபையில் பெரும் வாதத்தைக் கிளப்பினார். பிள்ளைகளைப் பயமுறுத்திய இருவரும் அந்தப் பயத்தைக் கைவிட்டார்கள் என்பதை இந்த வகையின் வரலாற்றில் முதன்மையாகச் சொல்ல வேண்டும்.

1879இல் சமயக் கைப்பிரதிச் சங்கம் தொடங்கிய சிறுவர் வார இதழில் போதனை அடக்கி வாசிக்கப்பட்டது. சாகசம் முன்னுக்கு வந்தது. அதில் வந்த டால்பட் பெயின்ஸ் ரீடின் தொடர்களில் பள்ளிக் கதை சமயத்தின் கையை மெல்ல விட்டது.

கேலி

அமெரிக்காவில் 1824இல் ஃபிலடெல்ஃபியாவில் அமைந்த ஓய்வுநாள் பள்ளி ஒன்றியம் ஊர்தோறும் சிறு நூலகங்களை உண்டாக்கியது. அந்தப் புத்தகங்களை வாசித்து வளர்ந்த மார்க் ட்வெயின் 1865இல் எல்லாத் தவறும் செய்து செழிக்கும் கெட்ட பையனையும், 1870இல் புத்தகத்தில் உள்ளபடியே நடந்து உருப்படாமல் சிதறிப்போகும் நல்ல பையனையும் படைத்தார். 'டாம் சாயர்' (1876) நாவலில் 2,000 வசனம் ஒப்பித்தால் கிடைக்கும் வேதாகமத்தை, டாம், ஒப்பித்தவர்களுக்குக் கொடுக்கப்படும் சீட்டுகளைத் தோழர்களிடம் பண்டமாற்றாக வாங்கியே பெற்றுவிடுகிறான். பரிசு முறையைப் பற்றி எந்த ஆய்வும் இவ்வளவு துல்லியமாகச் சொன்னதில்லை.

இந்தியாவில்

ஹன்னா கேத்தரின் மல்லன்ஸ் 1852இல் வங்காள மொழியில் எழுதிய 'பூல்மணியும் கருணாவும்', கிறிஸ்தவக் கிராமத்து இரு இல்லத்தரசிகளின் கதை. ஒருத்தி வீடும் தோட்டமும் துப்புரவு. மற்றவள் வீடு அலங்கோலம், கணவன் குடிகாரன். துப்புரவை விசுவாசத்தின் அடையாளமாகக் காட்டும் ஆங்கிலப் பழக்கம் அப்படியே வந்திறங்கியிருக்கிறது. என்றாலும் வங்காள உரைநடைப் புனைவின் முதல் முயற்சிகளில் ஒன்று என்ற இடம் அதற்கு உண்டு. தமிழில் 1840இல் நாகர்கோவிலிலிருந்து 'பாலதீபிகை'யும், 1849இல் பாளையங்கோட்டையிலிருந்து 'சிறுபிள்ளையின் நேசத் தோழ'னும் வெளிவந்தன. தமிழ்ச் சிறுவர் இதழ் வரலாறு இவற்றிலிருந்தே தொடங்குகிறது.

இந்த வகை இந்தியாவில் ஈன்ற சிறந்த நூல், சென்னைக் கிறிஸ்தவக் கல்லூரி இதழில் 1887–88இல் ஆங்கிலத் தொடராக வந்த 'சகுணா'. எழுதியவர் கிருபாபாய் சத்தியநாதன் (1862–1894). அகமதுநகரில், மதம் மாறிய மராத்தியப் பிராமணக் குடும்பத்தில் பிறந்து, சென்னை மருத்துவக் கல்லூரியில் சேர்ந்து, உடல்நலம் கெட்டதால் படிப்பை விட்டவர். தமிழ்ப் போதகர் டபிள்யூ. டி. சத்தியநாதன் வீட்டில் தங்கிப் படித்து, அவர் மகனையே மணந்தார். தாயின் மனப்போராட்டம், அண்ணனிடம் கற்ற கல்வி, மிஷன் விடுதி என்று தன் வாழ்வையே கதையாக்கினார். இயேசுவை ஏற்றுக்கொண்டதற்காக வெள்ளைக்கார மிஷனெரிகளின் ஏளனத்தையும் ஏற்க வேண்டியதில்லை என்று நிமிர்ந்து நிற்கும் பெண் அவருடைய சகுணா. லண்டனில் எழுதப்பட்ட எந்த ஓய்வுநாள் பள்ளிக் கதையிலும் அப்படி ஒரு பெண் இல்லை.

தோனாவூரில் ஆதரவற்ற குழந்தைகளை வளர்த்த ஏமி கார்மைக்கேல் 1924இல் வெளியிட்ட 'மிமோசா' உண்மைக் கதை. உடன்பிறந்தவளைப் பார்க்கத் தகப்பனோடு ஒரே ஒருமுறை தோனாவூர் வந்து, தங்க அனுமதி கிடைக்காமல் திரும்பிய சிறுமி, வேதாகமமோ சபையோ இல்லாமல், அன்று கேட்டதை மட்டும் பற்றிக்கொண்டு 20 ஆண்டுகளுக்கு மேல் வாழ்ந்தாள். பாமாவின் 'கருக்கு' (1992) ஓய்வுநாள் பள்ளிக் கதை அல்ல. ஆனால் கத்தோலிக்கக் குடும்பமும் கன்னியர் பள்ளியும் அதிலும் உண்டு. அங்கே அன்பைப் போதித்தவர்களிடமே சாதி இருந்ததை அந்தப் பள்ளியில் படித்தவரே எழுதினார்.

இந்த வகையை இன்று வாசிக்கத் தொடங்குபவருக்கு 'ஜெசிக்கா'வும் 'சகுணா'வும் போதும். 'ஃபேர்சைல்டு குடும்ப'த்தையும் பார்க்க விரும்புபவர் பழைய முழுப் பதிப்பையே தேட வேண்டும். பிற்காலச் சுருக்கப் பதிப்புகள் பலவற்றில் தூக்குமர அத்தியாயம் இல்லை.