யோசெப் குரோனரும் சிறுமனிதனின் குற்றமும்

நடிகனின் ஆற்றலைப் பிறவித்திறன் எனக் கூறி அமைவோர் பலர். ஆயின், அவன் எந்தச் சமூகத்தட்டின் முகத்தைத் தன் முகமாக ஏற்கின்றான் என்பதே வரலாற்று நோக்குடையோர்க்கு முதன்மையான வினாவாகும். சிலோவாக்கிய நடிகர் யோசெப் குரோனரின் (1924–1998) வாழ்வையும் கலையையும் இவ்வினாவின் ஒளியிலேயே நோக்குதல் வேண்டும்.

குரோனர் வடமேற்குச் சிலோவாக்கியாவின் கிசுற்சே மலைப்பிரதேசத்திலுள்ள ஸ்தாஷ்கோவ் கிராமத்திற் பிறந்தவர். மார்ட்டின் நகர நாடக அரங்கிற் பணியாற்றியபின், 1956 இல் பிராத்திசிலாவாவிலுள்ள சிலோவாக்கியத் தேசிய அரங்கிற் சேர்ந்தார். அண்ணளவாகப் பதினைந்து வயதில், 1939 மார்ச்சில், நாஸி ஜேர்மனியின் நிழலிலே தோன்றிய சிலோவாக்கிய அரசை அவர் கண்டார். பாதிரியார் யோசெப் திசோ தலைமையேற்ற அவ்வரசு, யூதரின் வர்த்தக நிலையங்களிற் பத்தாயிரமளவிலானவற்றை மூடியது. இரண்டாயிரத்துக்கு மேற்பட்டவற்றை 'ஆரியமயமாக்கல்' என்ற பெயரிற் பிறருக்கு உடைமையாக்கியது. 1942 மார்ச் முதல் ஒக்டோபர் வரை ஏறத்தாழ 58,000 யூதர் நாடுகடத்தப்பட்டனர். அவர்களுட் பெரும்பாலோர் மீளவில்லை.

யான் கதார், எல்மார் குலோஸ் ஆகியோர் நெறிப்படுத்திய 'பிரதான வீதியிற் கடை' (1965) இக்கொடுமையை ஒரு சிறுநகரின் பொத்தான் கடைக்குள் நின்று காட்டுகிறது. குரோனர் ஏற்ற பாத்திரம் தோனோ என்னும் ஏழைத் தச்சன். பாசிசப் படையிற் பதவி வகிக்கும் உறவினன் மூலம், செவிப்புலன் குன்றிய யூத மூதாட்டி ஒருத்தியின் கடை அவன் கைக்கு வருகிறது. அவன் கொடியவனல்லன், மூதாட்டியை நேசிக்கவும் செய்கிறான். ஆயினும் நாடுகடத்தல் நாளன்று அவளைக் காக்கும் விருப்பமும் தன்னைக் காக்கும் அச்சமும் அவனுள் மோதுகின்றன. அவளை ஒளிக்க முனையும் அவனது முரட்டுக் கைகளாலேயே அவள் இறக்கிறாள், அவன் தூக்கிட்டுக்கொள்கிறான். குரோனரின் நாட்டார் நகைச்சுவை சிறிது சிறிதாகப் பீதியாக மாறுவதே இப்படத்தின் உயிர்நாடி எனலாம். மூதாட்டியாக நடித்த ஈதா காமின்ஸ்காவும் அவரும் 1965 இற் கான் விழாவிற் சிறப்புக் கணிப்புப் பெற்றனர். சிறந்த அந்நியமொழிப் படத்துக்கான ஒஸ்கார் விருதும் இப்படத்துக்குக் கிடைத்தது.

1935 இல் திமித்ரோவ் முன்வைத்த வரைவிலக்கணம் பாசிசத்தை நிதிமூலதனத்தின் பயங்கரச் சர்வாதிகாரமாகக் கண்டது. அது பிழையன்று, ஆனால் தோனோவை விளக்க அது மட்டும் போதாது. நிதிமூலதனத்தை அறியாத ஒரு தச்சனும் சிறுவுடைமையின் ஆசையால் அந்த யந்திரத்தின் பல்லாகிறான். வர்க்கநிலை அவன் செயலுக்குக் காரணங் கூறும். பொறுப்பினின்று அவனை விடுவிக்காது. இவ்வேறுபாட்டை மறக்கும் மார்க்சியம் வெறும் யாந்திரிகவாதமேயாகும்.

இவ்வுண்மையைப் பேசிய படம் ஒரு சோஷலிச நாட்டிலேயே உருவாயிற்று என்பது நாம் பெருமைகொள்ளத்தக்கது. 1968 ஓகஸ்ட்டில் வார்சோ ஒப்பந்தப் படைகள் புகுந்தபின் கதார் அந்நாட்டை விட்டு வெளியேற நேர்ந்தது என்பது நாம் மறைக்கக்கூடாதது. குரோனர் தாயகத்திலேயே தங்கினார். 1975 இற் 'பாஹோ' என்னும் கொள்ளையனாக மக்களைச் சிரிக்கவைத்தார். 1982 இல் ஹங்கேரிய நெறியாளர் காரொலி மக்கின் படமொன்றில், 1956 எழுச்சிக்குப் பிந்திய அடக்குமுறைச் சூழலில் அகப்பட்ட பத்திராதிபராகத் தோன்றினார்.

அதிகாரத்துக்கும் மனச்சாட்சிக்கும் இடையில் நின்று தடுமாறும் சாதாரண மனிதனே குரோனரின் தனிப் பாத்திரம். அம்மனிதனைப் பழிப்பதோ இரங்குவதோ எளிது. அவனிடத்தில் நம்மை நிறுத்திப் பார்க்கச் செய்தமையே குரோனரது கலையின் வெற்றியாகும்.