சேரலைட்: சேரர் பெயர் பூண்ட கல்

கல்லின்மேல் மன்னர் பெயரைப் பொறித்தல் தமிழகத்துப் பழைய வழக்கம். கரூரை அடுத்த புகழூரிலே, ஆறுநாட்டார் மலை என வழங்கும் குன்றின்மீது, சமண முனிவர் ஒருவர்க்குக் கற்படுக்கை அமைத்துத் தந்த செய்தியோடு சேரர் குடியினர் மூவரின் பெயர் பழந்தமிழ் எழுத்தில் வெட்டப்பட்டிருக்கின்றது. அது கல் ஏற்ற பெயர். ஆனால் ஒரு கல்லுக்கே சேரர் பெயரைச் சூட்டிய செய்தி நம்மவரிற் பலர் அறியாதது. அக்கல் கிடைத்த இடமோ, நம் சங்கம் விளங்கும் இத்திருவனந்தபுரத்தினின்றும் நெடுந்தொலைவில் இல்லை. நெய்யாற்றின்கரையும் பாறசாலையும் களியிக்காவிளையும் கடந்து தெற்கே செல்வோமாயின், சில மணி நேரத்தில் அந்த நாட்டை அடைந்துவிடலாம்.

அவ்வூர் குட்டக்குழி. இன்று கன்னியாகுமரி மாவட்டத்தைச் சேர்ந்தது. அன்று தென் திருவிதாங்கூர். அங்கே மண்ணுக்குள் வெண்களியாய் மாறிப்போன ஒரு பெக்மடைட் பாறைச் சுவரில், கறுப்புத் தூர்மலின், சிர்க்கான், புகைநிறப் படிகம் ஆகியவற்றோடு கலந்து பச்சை நிறமான ஒரு கனிமம் காணப்பட்டது. அதனை ஆராய்ந்தவர் இங்கிலாந்து நாட்டு நிலநூல் ஆய்வுத் துறையைச் சேர்ந்த போவி, ஹார்ன் என்னும் இருவர். இதுவரை பெயரிடப்படாத புதுக் கனிமம் இது என்று கண்டு, 1953-ஆம் ஆண்டில் அதன் இயல்பை வெளியிட்டு, 'சேரலைட்' என்று பெயரும் இட்டனர். இந்நாட்டின் பழைய திராவிடப் பெயர் 'சேரல' என்பது. அதனோடு கல்லைக் குறிக்க மேனாட்டார் சேர்க்கும் ஈற்றினை இணைத்தால் சேரலைட் ஆகும்.

இக்கல்லின் இயல்பைச் சிறிது கூறுதல் வேண்டும். நம் கடற்கரை மணலிற் கிடைக்கும் மோனசைட்டை அறியாதார் இலர். அதற்கு இது நெருங்கிய உறவு. படிக அமைப்பு இரண்டுக்கும் ஒன்றே. ஆயினும் மோனசைட்டில் தோரியம் ஆக்சைடு நூற்றுக்கு ஒன்பது பங்கு அளவில் இருக்க, சேரலைட்டில் அது முப்பது பங்கை எட்டுகின்றது. யுரேனியமும் நூற்றுக்கு நான்கு பங்களவு உண்டு. ஆகவே கதிரியக்கம் மிகுந்த கல் இது. அணுவின் ஆற்றலை உலகம் நாடிய அந்த ஆண்டுகளில் இத்தகைய கல்லின்மீது அறிஞர் பார்வை விழுந்ததில் வியப்பில்லை. இந்திய அரிய மணல் நிறுவனம் 1950-இல் தோன்றியதும், ஆலுவாயில் மோனசைட் ஆலை 1952-இல் தொடங்கியதும் அக்காலத்து நிகழ்ச்சிகளே. ஆனால் மோனசைட் கரையெங்கும் குவிந்து கிடக்க, சேரலைட்டோ வாரி அள்ளத்தக்க பொருளன்று, காண்டற்கரிய கல். பிற்காலத்தில் வேறு நாடுகளிலும் சிற்சில இடங்களில் இது கண்டறியப்பட்டது. எனினும் எங்கே கிடைத்தாலும் அதன் மூல இருப்பிடம் என்று நூல்கள் குறிப்பது குட்டக்குழியையே.

கனிமங்களுக்குப் பெயர் அமைந்த வரலாறு விந்தையானது. மணவாளக்குறிச்சியிலும் சவறையிலும் காலில் மிதிபடும் கருமணலை எண்ணிப் பாருங்கள். அதன் கருமைக்குக் காரணமான இல்மனைட், ருசிய நாட்டு யூரல் மலைத்தொடரைச் சார்ந்த இல்மென் மலையால் பெயர் பெற்றது. மோனசைட்டும் அதே மலைப்பகுதியில் முதலிற் கிடைத்தது. அங்கே அது தனித்தனியாய் அருகிக் காணப்பட்டமையால், 'தனித்திருத்தல்' என்று பொருள்படும் கிரேக்கச் சொல்லைக்கொண்டு பிரைத்தௌப்ட் என்னும் செர்மானியர் 1829-இல் அதற்குப் பெயர் வைத்தார். தனித்திருப்பது என்று பெயர் பெற்ற பொருள் திருவிதாங்கூர்க் கரையிலே கூட்டங் கூட்டமாய்க் கிடந்தது! இங்கிருந்து ஏற்றுமதியான கயிற்றுச் சரக்கில் ஒட்டிச் சென்ற மணலைக் கண்டு, 1909-இல் ஷோம்பர்க் என்னும் செர்மானியர் தேடி வந்து இதனைக் கண்டறிந்த கதை பலரும் சொல்லக் கேட்டதே. விளக்குத் திரிகளுக்குத் தோரியம் வேண்டியிருந்த காலம் அது. அந்தத் தோரியமும் வடபுலத்து இடித்தெய்வத்தின் பெயரை உடையது. ஆக, நம் மணலில் இருந்தது நம் பொருள். பெயரெல்லாம் பனிநாட்டுப் பெயர்.

பாறைகளிலும் இதே கதைதான். பல்லாவரத்துக் குன்றுகளிற் காணப்படும் கரும்பாறைக்கு 'சார்னகைட்' என்று பெயர். கல்கத்தா நகரை நிறுவியவராகச் சொல்லப்படும் ஜாப் சார்னக்கின் கல்லறைமேல் அவ்வகைக் கல் கிடந்தது என்பதே அப்பெயர்க்குக் காரணம். ஹாலந்து என்னும் அறிஞர் 1893-இல் அதனை ஆராய்ந்து பெயரிட்டார். சென்னைப் பக்கத்துப் பாறை, கல்கத்தாவில் உறங்கும் ஆங்கிலேயரின் பெயரால் இன்று உலகெங்கும் வழங்குகின்றது.

தென்னாட்டுச் சொல் கனிமநூலில் ஏறவேயில்லை என்று எண்ணற்க. வயிரத்துக்கு அடுத்தபடி கடினமான 'கொரண்டம்' நம் குருந்தமே. பச்சை மணியைக் குறிக்கும் 'பெரில்' என்னும் மேனாட்டுச் சொல், பாகதத்தின் 'வேருலிய' வழியே சென்றது. அதுவே நம் வைடூரியம். தூர்மலினுக்குச் சிங்களச் சொல் மூலம். இவையெல்லாம் வணிகர் வாயிலாய்ச் சென்ற சொற்கள். கல்லை வாங்கியவன் கல்லோடு பெயரையும் வாங்கிச் சென்றான். சேரலைட்டின் நிலை வேறு. சந்தையில் விலைபோகாத ஒரு கல்லுக்கு, இந்நாட்டின் பழம்பெயர் இன்னதென்று தேடி எடுத்து அறிஞர் வைத்த பெயர் இது. அதனால் இப்பெயரின் பொருளை ஆராய்வது நமக்குக் கடமையாகின்றது.

'சேரல்' என்னும் வடிவம் சங்க நூல் பயின்றார்க்குப் புதிதன்று. இமயவரம்பன் நெடுஞ்சேரலாதன், களங்காய்க்கண்ணி நார்முடிச்சேரல், பெருஞ்சேரல் இரும்பொறை என்று பதிற்றுப்பத்தின் தலைவர் பெயர்களிலேயே அது நிற்கின்றது. உ. வே. சாமிநாதையர் அந்நூலை 1904-இல் அச்சிட்ட பின்னரே இப்பெயர்கள் பலர்க்கும் தெரியலாயின. நம் நகரில் உயர்நீதிமன்ற நீதிபதியாய் இருந்த கே. ஜி. சேஷையர் சங்ககாலச் சேர மன்னரைப்பற்றி ஆங்கிலத்தில் ஒரு நூல் எழுதி 1937-இல் வெளியிட்டார். திருவிதாங்கூர் அரசரும் குலசேகரப் பெருமாள் என்னும் பட்டம் பூண்டு, நாட்டை வஞ்சிபூமி என்றே வழங்கினர். எனவே 1953-இல் ஆங்கிலேய அறிஞர்க்குச் சேரர் பெயர் கிடைத்தது மண்ணுக்கு அடியிலிருந்து அன்று. அது இங்கே மக்கள் நாவில் இருந்த பெயர். வஞ்சி கருவூரா கொடுங்கோளூரா என்னும் பழைய வழக்கை மட்டும் ஈண்டு எழுப்ப யான் விரும்பவில்லை.

சேரல, கேரளம் என்னும் இரண்டும் ஒரு சொல்லின் இரு வடிவங்கள் என்பது மொழிநூலார் முடிபு. கன்னடத்தில் 'கிவி' என்பது தமிழிற் செவி; அங்கே 'கிறு' என்பது இங்கே சிறு; அங்கே 'கெம்' இங்கே செம். ககரம் இவ்வாறு சகரமாதல் தமிழுக்கும் மலையாளத்துக்கும் பொதுவான இயல்பு. அசோகன் கல்வெட்டில் ககரத்தோடு கேரளபுத்திரர் என்று காண்பதும், கிரேக்க ஆசிரியர் 'கேரோபொத்ரஸ்' என எழுதியதும், தமிழ்ப் புலவர் 'சேரல்' என்று பாடியதும் ஒரு குடியையே. கால்டுவெல்லும் குண்டர்ட்டும் இதனை நன்கு உணர்ந்திருந்தனர். கேரம் என்றால் தென்னை, ஆகவே கேரளம் தென்னை நாடு என்பது கேட்க இனிய விளக்கம். ஆனால் அந்தக் கேரம் வடமொழியின் நாளிகேரத்து வால். அதைக்கொண்டு நாட்டின் பெயரை விளக்குதல் தலைகீழான வேலை. சேறு, சாரல், சேர்தல் முதலிய வேர்களைக் காட்டுவாரும் உளர். அவற்றுள் எதையும் முடிந்த முடிபாகக் கொள்ள எனக்கு மனம் ஒப்பவில்லை. சேரமும் கேரமும் ஒன்று என்பது மட்டும் உறுதி.

இனி, ஓர் உண்மையை மறைக்காமற் சொல்லுதல் வேண்டும். குட்டக்குழி அமைந்த பகுதி, பழங்காலத்தில் நேரே சேரர் ஆட்சியில் இருந்தது என்று கூறுதற்கில்லை. ஆய் வேளிர்க்கும் பாண்டியர்க்கும் அந்நாட்டில் உரிமை மிகுதி. ஆய் மன்னன் கருநந்தடக்கன் 866-ஆம் ஆண்டில் சாலை நிறுவிய பார்த்திவசேகரபுரம் விளவங்கோட்டு வட்டத்தில்தான் உள்ளது. பழைய அரசினர் பெயரைத்தான் கல்லுக்கு இடவேண்டும் என்று வரலாற்றாசிரியன் ஒருவன் பிடிவாதம் செய்தால், அது 'ஆயைட்' ஆகியிருக்கும். நாவுக்கு அது அவ்வளவு இனியதன்று. அறிஞர் இருவரும் குட்டக்குழி ஒன்றையே கருதாமல், நாடு முழுவதற்கும் உரிய பெயரைக் கொண்டனர் என்று அமைதி காண்போம்.

அக்காலத்தில் அந்த நாட்டுக்கு அரசாங்கம் வழங்கிய பெயர் திருவிதாங்கூர்–கொச்சி. கேரளம் என்று ஒரு மாநிலம் அப்பொழுது இல்லை. தமிழ் பேசும் தென்வட்டங்கள் சென்னை மாநிலத்தோடு இணைதல் வேண்டும் என்னும் கிளர்ச்சி வலுத்து, கல்லுக்குப் பெயர் வைத்த மறு ஆண்டிலே, 1954 ஆகஸ்டு 11-ஆம் நாள், மார்த்தாண்டத்திலும் புதுக்கடையிலும் துப்பாக்கிச் சூடு நிகழ்ந்து உயிர்கள் மாண்டன. பின்னர் 1956 நவம்பர் 1-ஆம் நாள் கேரள மாநிலம் பிறந்தது. அன்றே தோவாளை, அகத்தீசுவரம், கல்குளம், விளவங்கோடு என்னும் நான்கு வட்டங்களும் சென்னை மாநிலம் சேர்ந்தன. மாநிலம் கேரளம் என்று பெயர் பூண்ட அதே நாளில், அப்பெயரின் பழைய வடிவைத் தாங்கிய கல்லின் ஊர் மாநிலத்துக்கு வெளியே போயிற்று! கேரளத்தின் பழம்பெயரால் ஆனது என்று கனிமநூல்கள் விளக்கம் கூறும். கிடைத்த இடம் எது என்றால், தமிழ்நாடு என்று அந்நூல்களே எழுதும். படிக்கும் மாணவன் இஃது அச்சுப்பிழை என்று கருதக்கூடும். பிழை ஏதுமில்லை. நம்முள் பலர் அந்த எல்லைக்கு அப்பால் பிறந்து இப்பால் பிழைக்க வந்தவர்கள். மணவினையும் சாவும் இருபுறத்தும் உடையவர்கள். இந்த விந்தையை நமக்கு எவரும் விளக்க வேண்டுவதில்லை.

இப்பெயர்க்குப் பின்னர் ஒரு சோதனையும் நேர்ந்தது. ஆப்பிரிக்காவில், இன்று நமீபியா எனப்படும் நாட்டில், பிரபாண்ட் என்னும் பண்ணையிற் கிடைத்த ஒரு கல்லை ஆராய்ந்தவர், சுண்ணகமும் தோரியமும் சேர்ந்த பாஸ்பேட் அது என்று கண்டு, 1980-இல் 'பிரபாண்டைட்' என்று அதற்குப் பெயரிட்டார். குட்டக்குழிக் கல்லும் அதே சேர்க்கையை மிகுதியாக உடையது. உடன் மோனசைட்டின் கூறும் கலந்திருக்கும், அவ்வளவே. ஆகவே தூய பொருளுக்குப் பிரபாண்டைட் என்றும், கலப்புக்குச் சேரலைட் என்றும் வழங்கத் தொடங்கினர். இரண்டுக்கும் இடையே கோடு எங்கே என்பதில் ஆளுக்கொரு கருத்து. கலப்பு நிலைக்குத் தனிப்பெயர் எதற்கு என்று யாரேனும் விலக்கியிருந்தால், சேரர் பெயர் கனிமப் பட்டியலை விட்டே போயிருக்கும். நல்லூழாக, 2007-இல் லிந்தௌட் என்னும் அறிஞர் இக்குழப்பத்தை ஆராய்ந்து, சுண்ணகத் தோரியக் கூறு மேலோங்கிய கல் அனைத்துக்கும் சேரலைட் என்பதே பெயர் என்று முடிவுகட்டினார். பிரபாண்டைட் நீக்கப்பட்டது. முந்தி வைத்த பெயர்க்கு முதலிடம் என்பது அத்துறையார் பெரிதும் போற்றும் மரபு. அதனால் இன்று ஆப்பிரிக்கப் பண்ணையிற் கிடைத்த கல்லும் சேரர் பெயராலேயே அழைக்கப்படுகின்றது.

எஞ்சியிருப்பது தமிழில் இதனை எழுதும் முறை. ஆங்கில எழுத்தில் குறிலும் நெடிலும் வேறுபாடின்றி நிற்பதால், அதைப் பார்த்துப் படிப்பவர் 'செரலைட்' என்று குறுக்கி எழுதிவிடுவது எளிது. அங்ஙனம் எழுதினால் தீங்கு இரண்டு. சேரர் மறைவது ஒன்று. மற்றொன்று அறிவியலைச் சார்ந்தது. சீரியம் என்னும் உலோகத் தனிமம் உண்டு. அதை உடைய 'செரைட்' என்னும் கனிமமும் உண்டு. நம் கல்லிலும் அந்தச் சீரியம் இருக்கவே செய்கின்றது. ஆகவே செரலைட் என்று கண்ட மாணவன், சீரியத்தால் வந்த பெயர் போலும் என்று எண்ணிக்கொள்வான். அப்படி எண்ணுவதில் அவன் குற்றமும் இல்லை. சகரத்தை நெடிலாக்கிச் 'சேரலைட்' என்று எழுதினால் இந்த மயக்கம் எழாது.

கேரளத்தின் பெயர்தானே, 'கேரலைட்' என்று இன்றைய வழக்கோடு பொருந்த எழுதினால் என்ன என்று ஒருவர் கேட்கலாம். உலகம் ஒப்பிய பெயரை நாம் மாற்றலாகாது என்பது ஒரு விடை. மலையாளிகளுக்கும் நமக்கும் சகரமே பொதுவான பழைய ஒலி என்பது மற்றொரு விடை. இரு மொழியாரும் சேரமான் என்றே சொல்கின்றோம். கேரமான் என்பார் எவரும் இல்லை. கலைச்சொற் பட்டியல் தொகுப்போரும் பள்ளிப் பாடநூல் எழுதுவோரும் முதலெழுத்தை நெடிலாக எழுதி, கிடைத்த இடம் குட்டக்குழி என்று அதன் பக்கத்தில் ஒரு வரி சேர்ப்பார்களாயின், அவ்வூர்ப் பிள்ளைகளும் தம் ஊர்க் கல்லின் பெயரைத் தம் பாடத்திலே படிப்பார்கள்.