துணி சுற்றிய அலமாரி

வாத்தியார் வேலை கிடைத்த பையன் ஒருவன் சில வருஷங்களுக்கு முன் என் வீட்டுக்கு மிட்டாய்ப் பொட்டலத்தோடு வந்தான். அப்போது திண்ணையில் உட்கார்ந்திருந்த நண்பர், பொட்டலத்தைப் பிரிக்கும் முன்பே, "யாரைப் பிடித்தாய், தம்பி?" என்று கேட்டுவிட்டார். கெட்ட எண்ணத்தோடு கேட்கவில்லை. ரயிலில் வந்தாயா, பஸ்ஸில் வந்தாயா என்று விசாரிப்பதுபோலத்தான் கேட்டார். பையனுக்கு முகம் சுண்டிவிட்டது. இரண்டு வருஷம் ராக்கண் விழித்துப் படித்துத் தேறியவன் அவன். அதை எந்தக் காகிதத்தைக் காட்டி நிரூபிப்பான்?

அவனை நினைக்கும்போதெல்லாம் ஹரியானாவில் இருந்த ஓர் அலமாரியும் என் ஞாபகத்துக்கு வருகிறது.

1999-ல் ஓம் பிரகாஷ் சௌதாலா அந்த ராஜ்யத்தின் முதலமைச்சரானார். ஆரம்பப் பள்ளிகளுக்கு மூவாயிரம் ஆசிரியர்களுக்கு மேல் தேவைப்பட்டார்கள். ஆட்களைத் தேர்ந்தெடுக்கும் பொறுப்பை, அதற்கென்று இருந்த வாரியத்திடமிருந்து எடுத்து ஜில்லாக் கமிட்டிகளிடம் கொடுத்தார்கள். கமிட்டிகள் பேட்டி கண்டு, மார்க்குப் போட்டு, பட்டியல் தயாரித்து அனுப்பின. அத்துடன் விஷயம் முடிந்திருக்க வேண்டும். ஆனால் பட்டியல் மேலிடத்துக்குப் பிடிக்கவில்லை. சில பெயர்கள் ஏற வேண்டியிருந்தது. சில பெயர்கள் இறங்க வேண்டியிருந்தது.

அப்போது ஆரம்பக் கல்வி இலாகாவின் டைரக்டராக இருந்தவர் ரஜனி சேக்ரி சிபல் என்ற அம்மையார். பட்டியலைத் திருத்த அவர் இணங்கவில்லை. பட்டியல்கள் இருந்த அலமாரியைப் பூட்டி, துணியால் சுற்றி, முத்திரையிட்டு, அதிகாரிகளின் கையெழுத்துகளையும் அதன்மேல் வாங்கி வைத்தார். பூட்டை யாராலும் திறக்க முடியாது என்று அவர் எண்ணியிருக்க மாட்டார். ஆனால் திறந்தவர்கள் திறந்த சுவடு தெரியாமல் திறக்க முடியாதல்லவா? முத்திரையின் பிரயோஜனமே அதுதான்.

2000-ல் அவரை வேறு இடத்துக்கு மாற்றினார்கள். அதன் பிறகு பேட்டி மார்க்குகள் மாறிப் புதுப் பட்டியல்கள் பிறந்தன. 3,206 பேருக்கு நியமன உத்தரவு போயிற்று. அவருக்குப் பின் டைரக்டரான சஞ்சீவ் குமார் 2003-ல் சுப்ரீம் கோர்ட்டின் கதவைத் தட்டினார். சி.பி.ஐ. விசாரணை நடந்தது. 2013 ஜனவரியில் 55 பேர் குற்றவாளிகள் என்று தீர்ப்பாயிற்று. சௌதாலாவுக்கும் அவர் மகன் அஜய் சௌதாலாவுக்கும் பத்து வருஷத் தண்டனை. புகார் சொன்ன சஞ்சீவ் குமாருக்கும் அதே பத்து வருஷம்! நாவலில் நான் இப்படி எழுதியிருந்தால், நம்பும்படி இல்லை என்று வாசகர்கள் கடிதம் போட்டிருப்பார்கள்.

இனி வங்காளத்துக்கு வருவோம். அங்கே 2016-ல் பள்ளி ஆசிரியர்களுக்கும் சிப்பந்திகளுக்குமாக ஒரு பெரிய பரீட்சை நடந்தது. பல லட்சம் பேர் எழுதினார்கள். 25,753 பேர் வேலைக்குச் சேர்ந்தார்கள். பிற்பாடு, தேர்வில் மோசடி நடந்ததென்று வழக்கு வந்தது. விடைத்தாள்களைக் கொண்டுவரச் சொன்னால், அவற்றை அழித்துவிட்டோம் என்றார்கள். நகலாவது உண்டா என்றால், அதுவும் இல்லை. 2024-ல் கல்கத்தா ஹைகோர்ட் அத்தனை நியமனங்களையும் ரத்துச் செய்தது. 2025 ஏப்ரல் 3-ம் தேதி சுப்ரீம் கோர்ட்டும் அதை உறுதிப்படுத்தியது.

தப்பு வழியில் வந்தவர்கள் என்று ஒரு பகுதியினரை அடையாளம் காண முடிந்தது. அவர்கள் வாங்கிய சம்பளத்தைத் திருப்பித் தர வேண்டும் என்று உத்தரவாயிற்று. மற்றவர்கள் திருப்பித் தர வேண்டியதில்லை; ஆனால் அவர்களுக்கும் வேலை போயிற்று. மாணவர்கள் படிப்புக் கெடக்கூடாது என்பதற்காக, மாசு காணப்படாத ஆசிரியர்களை அந்த வருஷக் கடைசி வரை வகுப்பெடுக்க அனுமதித்தார்கள். உத்தியோகம் பறிபோன பிறகும், அதே பலகைக்கு முன் நின்று, அதே பிள்ளைகளுக்குக் கணக்குச் சொல்லிக் கொடுத்த அந்த மனிதர்களின் நிலையை எண்ணிப் பாருங்கள். அவர்களில் எத்தனை பேர் நேர்மையாக எழுதி ஜெயித்தவர்களோ! அதைச் சொல்லக்கூடிய ஒரே சாட்சி அவர்களுடைய விடைத்தாள். அதை அழித்தவர்கள் திருடனின் குற்றத்தை மட்டும் மறைக்கவில்லை. யோக்கியனின் யோக்கியதையையும் சேர்த்து அழித்துவிட்டார்கள்.

விதி, பதிவேடு, முத்திரை இவையெல்லாம் வேலை கிடைக்காமல் போனவனுக்கு நியாயம் வழங்கத்தான் என்று நான் வெகுகாலம் நினைத்திருந்தேன். வேலை கிடைத்தவனுக்கும் அவை அவ்வளவு அவசியம் என்பது இப்போது தெரிகிறது. "பார்த்து எழுதாதே" என்று பிள்ளைகளைக் கண்டிக்க வேண்டியவர் வாத்தியார். அப்போது எந்தப் பையனும் அவரை ஏற இறங்கப் பார்க்காமல் இருக்க வேண்டுமே!

அன்று வந்த பையன் என் நண்பருக்குப் பதிலே சொல்லவில்லை. ஒரு மிட்டாயை எடுத்து அவர் கையில் வைத்துவிட்டுப் போய்விட்டான். நண்பர் அதை வெகுநேரம் வாயில் போடாமலே வைத்துக்கொண்டிருந்தார்.