கொடுமணல்

ஈரோடு மாவட்டம் பெருந்துறை வட்டத்தில், நொய்யல் ஆற்றின் வடகரையில் உள்ள சிற்றூர். சென்னிமலைக்கு மேற்கே சுமார் 15 கி.மீ. தொலைவில் இருக்கிறது. சங்க இலக்கியத்தில் கொடுமணம் என்று வரும் ஊர் இதுவே என்பது தொல்லியலாளர் பலரின் முடிவு. கிறித்து பிறப்பதற்குச் சில நூற்றாண்டுகள் முன்பிருந்தே இங்கே இரும்பு உருக்கினார்கள், மணி கோத்தார்கள், சங்கு அறுத்தார்கள், பானையில் பெயர் எழுதினார்கள். இன்று மானாவாரிக் காடுகளுக்கும் கிளுவை வேலிகளுக்கும் நடுவே சில தெருக்களாகக் கிடக்கிறது.

ஆறும் நிலமும்

நொய்யல் கோவைக்கு மேற்கே வெள்ளிங்கிரி மலையில் பிறக்கிறது. காஞ்சிமாநதி என்பது அதன் பழம்பெயர். பேரூர், கோவை, சூலூர், திருப்பூர் வழியாகக் கிழக்கே ஏறத்தாழ 170 கி.மீ. ஓடி, கரூர் மாவட்டத்தில் ஆற்றின் பெயரையே கொண்ட நொய்யல் என்னும் ஊரருகே காவிரியில் சேர்கிறது. மலையில் மழை கொட்டினால் வெள்ளம் வரும். மற்ற மாதங்களில் மணலும் நாணலும்தான். கொங்குச் சமவெளி மேற்குத் தொடர்ச்சி மலையின் மழைமறைவில் கிடப்பதால், வெள்ளிங்கிரியில் பெய்வதில் சிறு பங்குதான் கொடுமணலில் பெய்கிறது. ஊரின் பெயரில் உள்ள 'கொடு' என்பதற்கு வளைவு என்றும் பொருள் உண்டு. ஆறு வளைந்து மணல் ஒதுக்கும் இடம் என்று கொண்டால் அது இந்த நிலத்துக்குப் பொருந்தும்.

இந்த வட்டாரத்துக்கு உரிய காட்சி கொறங்காடு. கிளுவை முள்ளால் நான்கு புறமும் உயிர்வேலி கட்டி, உள்ளே கொழுக்கட்டைப் புல்லும் வெள்வேல மரமுமாக விட்டு, மாடு மேய்க்க வைத்திருக்கும் நிலத்துக்குக் கொங்குக்காரர்கள் வைத்த பெயர் அது. காங்கேயம் மாடுகள் வளர்ந்தது இந்தக் காடுகளில்தான். மழை குறைந்த மண்ணில் பயிரைவிடப் புல்லே நம்பகமானது என்று கண்டுகொண்டவர்களின் ஏற்பாடு அது.

மழை தராததை இந்த நிலம் கல்லாகத் தந்தது. காங்கேயம் சுற்றுப்புறத்தின் பழம்பாறைகளில் பிற்காலத்தில் உருகிப் புகுந்த பாறைக்குழம்பு மெல்ல ஆறிக் கெட்டியானபோது, பெரிய பெரிய படிகங்கள் வளர்ந்த நரம்புகள் உண்டாயின. பளிங்கும் பெரில் கல்லும் அந்த நரம்புகளில் கிடைக்கின்றன. படியூரில் பெரில், சிவன்மலைப் பக்கம் நீலக்கல்லும் குருந்தமும், வெங்கமேட்டில் பளிங்கு, கிழக்கே சென்னிமலையில் இரும்புத் தாது. எல்லாமே கொடுமணலிலிருந்து ஒரு நாளில் நடந்து போய்விடக்கூடிய தூரம். மணியும் இரும்பும் ஓர் ஊரில் ஒன்றுசேர்ந்ததற்கு வேறு காரணம் தேட வேண்டியதில்லை.

வழியும் அரசும்

சேரரின் கருவூரிலிருந்து பாலக்காட்டுக் கணவாய் வழியே மேலைக்கடற்கரை முசிறிக்குப் போன பெருவழி, நொய்யல் பள்ளத்தாக்கை ஒட்டியே சென்றது. மேற்குத் தொடர்ச்சி மலையில் வண்டிமாடு சிரமமில்லாமல் கடக்கக்கூடிய அகன்ற திறப்பு பாலக்காட்டில்தான் இருக்கிறது. ஆற்றை ஒட்டிப் போனால் வழியில் தண்ணீர் கிடைக்கும். சூலூர், வெள்ளலூர், பேரூர் என்று இந்த வழியில் பழம்பொருள் கிடைத்த ஊர்கள் வரிசையாக இருக்கின்றன. வெள்ளலூரில் 1842-இல் ஒரே புதையலாக 500-க்கும் மேற்பட்ட உரோமானிய வெள்ளிக் காசுகள் கிடைத்தன. கொடுமணல் அந்த வழியின் கிழக்குப் பாதியில், கருவூரை நோக்கிய பக்கத்தில் அமைந்திருந்தது.

பதிற்றுப்பத்தில் இரண்டு இடங்களில் இவ்வூர் வருகிறது. 67-ஆம் பாடலில் கபிலர், செல்வக்கடுங்கோ வாழியாதனிடம் போகும் பாணனைப் பற்றிப் பேசும்போது கொடுமணத்தையும் பந்தர் என்னும் ஊரையும் சேர்த்துச் சொல்கிறார். 74-ஆம் பாடலில் அரிசில் கிழார், வேலைப்பாடு மிக்க அரிய அணிகலன் கொடுமணத்துக்கும் முத்து பந்தருக்கும் உரியவை என்று பிரித்துக் காட்டுகிறார். கடலில் விளையும் முத்துக்கு நிகராக உள்நாட்டுச் சிற்றூர் ஒன்றின் கைவேலையை வைத்த புலவர், அந்தப் பொருளைக் கண்ணால் பார்த்திருக்க வேண்டும் என்றே தோன்றுகிறது. நொய்யல் காவிரியில் சேரும் இடத்துக்குச் சற்றுக் கீழே, புகழூர் ஆறுநாட்டார் மலைக் குகையில் இரும்பொறை மரபுச் சேரர்களின் பெயரும் கருவூர்ப் பொன்வாணிகன் ஒருவனின் பெயரும் தமிழி (தமிழ் பிராமி) எழுத்துப் பொறிப்புகளாக இருக்கின்றன. கல் எடுத்த ஊர், அணி செய்த ஊர், பொன் விற்ற ஊர், ஆண்ட குடி எல்லாம் ஒரே ஆற்றின் வழியில் நிற்கின்றன.

தொழில்

அகழாய்வில் மணித் தொழிலின் எல்லா நிலைகளும் கிடைத்தன என்பதே கொடுமணலின் தனிச்சிறப்பு. உடைக்காத கல், சில்லு தட்டி உருவம் கொடுத்த கல், உரசி வழவழப்பாக்கிய கல், துளை பாதியில் நின்றது, துளைக்கும்போது பிளந்துபோனது, முடிந்த மணி, கழிவுச் சில்லு எல்லாம் அதே மண்ணில் கிடந்தன. முடிந்த மணி மட்டும் கிடைத்திருந்தால் அணிந்தவர்கள் வாழ்ந்த ஊர் என்றுதான் சொல்லியிருக்க முடியும். பிளந்த மணி கிடைத்ததால்தான் செய்தவர்கள் வாழ்ந்த ஊர் என்கிறோம்.

துளையிடுவதுதான் இந்த வேலையின் மிகக் கடினமான கட்டம். பளிங்கும் பெரிலும் எஃகைவிடக் கடினமானவை. இரும்பூசி அவற்றின் மேல் வழுக்கிக்கொண்டு போகும். வைரமோ குருந்தமோ போல அவற்றையும் மிஞ்சிய பொருள் ஒன்று துளைப்பானின் முனையில் இருந்தால் மட்டுமே கல் வழிவிடும். வில்லால் சுழற்றி ஒரு பக்கத்திலிருந்து பாதி தூரம் துளைத்து, மணியைத் திருப்பி மறுபக்கத்திலிருந்து மீதியைத் துளைத்தால் இரண்டு துளைகளும் நடுவில் சந்திக்க வேண்டும். சூடு ஏறினாலோ கை சாய்ந்தாலோ மணி இரண்டாகிவிடும். அதற்குள் பல மணி நேர உழைப்பு போயிருக்கும்.

உள்ளூர்க் கல் மட்டும் இங்கே வரவில்லை. சூதுபவளத்தின் மூலக்கல் குஜராத் பக்கத்திலிருந்தும், நீலநிற லாபிஸ் லாசுலி ஆப்கானிஸ்தானிலிருந்தும் வந்திருக்கின்றன. கடற்சங்கு வந்து இங்கே வளையாக அறுபட்டிருக்கிறது. வெளியூரிலிருந்து கச்சாப் பொருளை வரவழைத்து, கைவேலை சேர்த்து, மீண்டும் வெளியே அனுப்பும் ஊராக இருந்திருக்கிறது. இன்றைய திருப்பூர் செய்வதும் ஏறக்குறைய அதுதான்.

இரும்பு வேலை நடந்த இடத்தில் உலை அடித்தளங்கள், காற்றூதும் சுடுமண் குழாய்கள், மூசைத் துண்டுகள், குவியல் குவியலாகச் சிட்டம் கிடைத்தன. கிடைத்த சில ஆயுதங்களைச் சோதித்தவர்கள் அவை எஃகுத் தரத்தில் இருப்பதாகக் கண்டிருக்கிறார்கள். மூசையில் அடைத்துச் சூடேற்றி எஃகாக்கும் நுட்பம் இவர்களுக்குத் தெரிந்திருந்தது என்பது ஆய்வாளர்களின் கருத்து. நடுவில் இரும்புக் கம்பி செருகிய சுடுமண் தக்களி வில்லைகளும் எடுக்கப்பட்டன. நொய்யல் கரையில் நூல் நூற்பது அவ்வளவு பழையது.

எழுத்து

கொடுமணலில் 500-க்கும் மேற்பட்ட எழுத்துப் பொறித்த பானை ஓடுகள் கிடைத்தன. தமிழகத்தில் ஒரே ஊரில் இத்தனை கிடைப்பது அரிது. சம்பன், சுமணன், கண்ணன் ஆதன், விசாகி போன்ற ஆட்பெயர்கள் அவற்றில் இருக்கின்றன. வணிகக் குழுவைக் குறிக்கும் 'நிகம' என்ற சொல்லும் ஓர் ஓட்டில் வருகிறது. ஆதன் சேரநாட்டுக்கு நன்கு பழக்கமான பெயர். விசாகி, சுமணன் போன்றவற்றில் வடபுலத்துச் சாயல் தெரிகிறது. வணிகவழியில் அமைந்த ஊரில் பெயர்களும் கலந்திருந்ததில் வியப்பில்லை.

இந்த ஓடுகளில் அரசாணையோ கொடைச் செய்தியோ கிடையாது. சுட்ட பானையின் தோளில் கூர்மையான ஒன்றால் கீறிய பெயர் மட்டும்தான். ஒரு கீறலில் கை நடுங்கியிருக்கிறது, இன்னொன்றில் எழுத்து இறங்கிப் போயிருக்கிறது. பானை மாறிவிடக் கூடாது என்று தன் பெயரைத் தானே கீறியவர்கள் ஒரு தொழிலூரில் இத்தனை பேர் இருந்தார்கள் என்பதே, அக்காலத் தமிழகத்தின் கல்வி பற்றி நமக்குக் கிடைத்துள்ள மிக வலுவான சான்று என்று நான் கருதுகிறேன். அடுக்குகளில் எடுத்த கரித்துண்டுகளின் காலக்கணிப்பு கி.மு. 400-ஐ ஒட்டிச் சென்றதால், தமிழி எழுத்தின் காலத்தை அசோகருக்கு முன்னால் கொண்டுபோகும் வாதத்துக்குக் கொடுமணல் முக்கியமான தூணாயிற்று. இதை ஏற்காத அறிஞர்களும் உண்டு.

ஈமக்காடு

வாழ்விடப் பகுதி சுமார் 50 ஏக்கர் என்றால், இறந்தோருக்கு ஒதுக்கிய இடம் அதைப்போல இரண்டு மடங்கு. கல்வட்டங்களும் குத்துக்கற்களும் பரவிக் கிடக்கும் இத்தகைய சின்னங்களைக் கொங்குநாட்டில் பாண்டு குழி என்பார்கள். வனவாசத்தில் பாண்டவர்கள் ஒளிந்திருந்த குழி என்பது ஊர்க்கதை. வட்டத்துக்கு உள்ளே பலகைக் கற்களை நிறுத்திப் பெட்டிபோல் அறை அமைத்து, கிழக்குப் பலகையில் வட்டமான இடுதுளை போட்டு, மேலே மூடுகல் வைத்திருக்கிறார்கள். நான்கு பலகைகளும் ஒன்றையொன்று தாங்கிச் சுழல்வதுபோல் நிறுத்தப்பட்டிருப்பதால் மண்ணின் அழுத்தம் எந்தப் பக்கமிருந்து வந்தாலும் அறை சாய்வதில்லை.

ஓர் ஈமச்சின்னத்தில் மட்டும் 2,000-க்கும் மேற்பட்ட சூதுபவள மணிகள் கிடைத்தன. இன்னொன்றில் கல் பதித்த சிறிய செம்புப் புலி கிடைத்தது. வாள், ஈட்டி, குதிரை அங்கவடி ஆகியவையும் வெளிப்பட்டன. வெறும் பானைகள் மட்டும் வைத்த சின்னங்களும் பக்கத்திலேயே உண்டு. செல்வம் எல்லா வீட்டுக்கும் ஒரே அளவில் போய்ச் சேரவில்லை.

பிற்காலமும் கண்டெடுப்பும்

கி.பி. மூன்றாம் நூற்றாண்டை ஒட்டி ஊரின் பழைய வாழ்வு தேய்ந்துவிட்டது. உரோமானிய வணிகம் சுருங்கிய காலமும் அதுதான். அதன்பின் உழவும் மேய்ச்சலுமாக நூற்றாண்டுகள் போயின. ஆனால் கல் மண்ணுக்குள்ளேயே இருந்தது. 1819–20-இல் ஜே. எம். ஹீத் என்ற ஆங்கிலேயர் படியூரில் பெரில் சுரங்கம் வெட்டி 2,196 கற்கள் எடுத்தார். அப்போதைய மதிப்பில் அவை சுமார் 1,200 பவுண்டு. பதினாறு நூற்றாண்டு கழித்தும் அதே நரம்பில் அதே கல் கிடைத்தது.

1961-இல் மத்தியத் தொல்லியல் துறையின் வி. என். சீனிவாச தேசிகன் இவ்விடத்தைக் கவனித்துப் பதிவு செய்தார். தஞ்சைத் தமிழ்ப் பல்கலைக்கழகம் 1985-இல் தொடங்கிய அகழாய்வுகளே ஊரின் பெயரை உலகுக்குக் கொண்டுசென்றன. எ. சுப்பராயலு, கா. ராஜன், புலவர் செ. இராசு ஆகியோரின் உழைப்பு அதில் இருக்கிறது. 2012–13-இல் புதுவைப் பல்கலைக்கழகத்தின் சார்பில் ராஜன் மீண்டும் வந்து அகழ்ந்தார். பிறகு மத்தியத் தொல்லியல் துறையும் மாநிலத் தொல்லியல் துறையும் பணியைத் தொடர்ந்தன.

அணையும் சாயமும்

கொடுமணலுக்கும் எதிர்க்கரையில் திருப்பூர் மாவட்டத்தைச் சேர்ந்த ஒரத்துப்பாளையத்துக்கும் இடையே நொய்யலின் குறுக்கே 1992-இல் ஓர் அணை கட்டி முடிக்கப்பட்டது. கரூர் மாவட்டம் வரை 10,000 ஏக்கருக்கு மேல் பாசனம் தருவது அதன் நோக்கம். அதே ஆண்டுகளில்தான் மேலே திருப்பூரில் பனியன் ஏற்றுமதி பெருகியது. பருத்தித் துணியில் சாயம் பிடிக்க உப்பு நிறையச் சேர்க்க வேண்டும். சாயம் துணியில் தங்கும். உப்பு தங்காது. கழிவுநீரோடு அப்படியே ஆற்றுக்கு வந்துவிடும். ஆறு தானாக ஓடியிருந்தால் வெள்ளம் ஒரு பகுதியை அடித்துப் போயிருக்கும். அணை இருந்ததால் உப்பு தேங்கி ஊறியது. கிணறுகள் கெட்டன. தென்னை காய்ந்தது. மாடு வாய்வைக்காத தண்ணீராயிற்று. பாசனத்துக்குக் கட்டிய அணையில் தண்ணீரைத் தேக்காதே என்று விவசாயிகளே கேட்கும்படி ஆனது.

நொய்யல் ஆயக்கட்டுதாரர்கள் நீதிமன்றம் போனார்கள். கழிவை ஆற்றில் ஒரு சொட்டும் விடக் கூடாது என்று சென்னை உயர் நீதிமன்றம் 2006-இல் உத்தரவிட்டது. 2009-இல் உச்ச நீதிமன்றமும் அந்த நிலையை உறுதி செய்தது. அப்போதும் மீறல் நிற்காததால் 2011 ஜனவரியில் 700-க்கும் மேற்பட்ட சாய, சலவை ஆலைகளை மூட உயர் நீதிமன்றம் ஆணையிட்டது. சுத்திகரிப்பு முறைகளைச் சீர்செய்த பின்னரே ஆலைகள் படிப்படியாகத் திறந்தன. பள்ளத்தாக்கின் கீழ்க்கோடியில் இருந்தவர்கள் மேற்கோடியிலிருந்த பெருந்தொழிலை நிறுத்தும் அளவுக்கு வழக்கு நடத்தியது இந்திய நீர் வழக்குகளில் அபூர்வம். இழந்த கிணறுகளுக்கு அது ஈடாகிவிடவில்லை.

அணையின் நீர்ப்பரப்புக்குப் பக்கத்திலேயே பழைய வாழ்விட மேடு இருக்கிறது. பெரும்பகுதி பட்டா நிலம். உழவிலும் வேலி போடுவதிலும் பல கல்வட்டங்கள் கலைந்துவிட்டன. மிஞ்சியவை கொறங்காடுகளுக்குள், கிளுவை வேலிக்கு அந்தப் பக்கம், வெள்வேல மர நிழலில் பாதி புதைந்து நிற்கின்றன. நல்ல மழை பெய்து ஓய்ந்த காலையில் மேட்டில் நடந்தால், கறுப்பு சிவப்புப் பானைச் சில்லுகளும் பளிங்குத் துணுக்குகளும் மண் கழுவிக்கொண்டு மேலே வந்து கிடக்கும்.