பெட்டிக்குள் வந்த தேனீயும் வராத தேனீயும்

தாம்பரம், வண்டலூர் பகுதிகளில் அடுக்குமாடியின் விளிம்பில் பெரிய தேனடையைக் கண்டவுடன் நம்மில் பலர் தீப்பந்தத்தைத் தேடுகிறோம். அதற்குமுன் தேனீக்களின் வரலாற்றைச் சற்று அறிவோம்.

திருமறையின் 16ஆம் அத்தியாயம் தேனீயின் பெயரைத் தாங்கியது. மலைகள், மரங்கள், மனிதர் கட்டுபவை ஆகியவற்றில் கூடமைக்கும்படி இறைவன் தேனீக்கு உள்ளுணர்வளித்ததை அதன் 68ஆம் வசனம் அறிவிக்கிறது.

பொந்துக்குள் பல அடைகளை அடுக்கிக் கட்டுவது இந்தியத் தேனீ. ஆதலால் அது பெட்டியிலும் வாழும். 1910களில் நியூட்டன் என்னும் பாதிரியார் அதற்கேற்ற சிறிய பெட்டியைத் தென்னிந்தியாவில் அறிமுகப்படுத்தினார். 1920களில் மார்த்தாண்டத்தின் ஒய்.எம்.சி.ஏ. நிலையம் தேனீ வளர்ப்பைக் குடிசைத் தொழிலாகப் பரப்பியது. 1990களின் தொடக்கத்தில் புழுக்களைத் தாக்கும் வைரஸ் நோய் பரவி எண்ணற்ற கூட்டங்களை அழித்தது. பின்னர் இத்தாலியத் தேனீயும் தமிழகப் பெட்டிகளில் இடம்பிடித்தது. பூக்கள் குன்றிய காலத்தில் இவ்விரு இனங்களும் ஒன்றன் தேனை மற்றொன்று கொள்ளையிடுவதுண்டு.

மலைத்தேனீயோ எந்தப் பெட்டிக்கும் வந்ததில்லை. திறந்தவெளியில் ஒற்றை அடையைத் தொங்கவிடும் அது, சீண்டினால் கூட்டமாகக் கொட்டும். பூக்கள் குறைந்ததும் தானே இடம்பெயரும். நம் மாடிகளில் தொங்குவது பெரும்பாலும் இதுவே.

தேனீயைக் கொல்வதை நபி (ஸல்) அவர்கள் தடுத்ததாக அபூதாவூதில் பதிவாகியுள்ளது. எனவே தீ வைக்காதிருப்போம். பிள்ளைகளை விலக்கி நிறுத்திப் பொறுத்திருப்போம். ஆபத்து நெருங்கினால் தீயணைப்புத் துறையினரை அழைப்போம். படைப்புகளிடம் இரக்கம் காட்டுவோராக அல்லாஹ் நம்மை ஆக்குவானாக.