'ஸ்வல்ப அட்ஜஸ்ட் மாடி' கடலில் எடுபடாது: உடுப்பி தீவுகளுக்குத் தனிப்படகு பேசும் முன் என்னென்ன கேட்க வேண்டும்?

பெங்களூருவில் கடல் இல்லை. ஆனால் வெள்ளிக்கிழமை இரவு பஸ் ஏறினால் சனிக்கிழமை காலை உடுப்பியில் இறங்கிவிடலாம். ரயிலில் போவதென்றால் கார்வார் வரை ஓடும் பஞ்சகங்கா எக்ஸ்பிரஸ் இருக்கிறது. உடுப்பியிலிருந்து மல்பே துறைமுகம் ஆட்டோவில் போகிற தூரம்தான். அங்கிருந்து கடலுக்குள் சுமார் 6 கிலோமீட்டர் போனால் செயின்ட் மேரிஸ் தீவுகள்.

கூட்டத்தோடு டிக்கெட் எடுத்துப் போவதற்குப் பதிலாக, "நாமளே ஒரு போட்டை முழுசா பேசிட்டா என்ன?" என்று யோசிக்கும் நண்பர் குழுக்களும் பெரிய குடும்பங்களும் உண்டு. படகோடு கேப்டனும் வருவார், தீவைச் சுற்றிப் பார்க்கலாம், கூட்ட நெரிசல் இல்லை. யோசனையில் தப்பே இல்லை. ஆனால் நாம் கொடுக்கும் வாடகையில் எது அடங்கும், எது எவ்வளவு பணம் கொடுத்தாலும் அடங்காது என்பதைக் கரையிலேயே தெரிந்துகொள்வது நல்லது. இதில் உயிர் சம்பந்தப்பட்ட விஷயங்கள் இருக்கின்றன.

அந்தத் தீவில் அப்படி என்ன இருக்கிறது?

செயின்ட் மேரிஸ் என்பது ஒரே தீவு அல்ல. தேங்காய்த் தீவு, வடக்குத் தீவு, தரியாபகதூர்கட், தெற்குத் தீவு என நான்கு முக்கியத் தீவுகள். சுற்றுலாப் பயணிகள் இறங்குவது பெரும்பாலும் தேங்காய்த் தீவில். அங்கே அறுகோணத் தூண்களை அடுக்கி வைத்தது போலப் பாறைகள் நிற்கும். யாரும் செதுக்கியவை அல்ல. எரிமலைக் குழம்பு குளிர்ந்து சுருங்கியபோது தானாக வெடித்துப் பிளந்த வடிவம் அது. சுமார் 8.8 கோடி ஆண்டுகளுக்கு முன், இந்தியாவும் மடகாஸ்கரும் ஒட்டியிருந்து பிரிந்த காலத்தோடு இந்தப் பாறைகளை ஆய்வாளர்கள் தொடர்புபடுத்துகிறார்கள். இந்தியப் புவியியல் ஆய்வு மையம் இதைத் தேசியப் புவியியல் நினைவுச்சின்னமாக அறிவித்திருக்கிறது. 1498-இல் வாஸ்கோ ட காமா இங்கே இறங்கி மேரி மாதாவின் பெயரைச் சூட்டினார் என்பது வழிவழியாகச் சொல்லப்படும் கதை.

தீவில் தங்கும் வசதி கிடையாது. போன படகிலோ, அடுத்த படகிலோ திரும்பியே ஆக வேண்டும்.

கேப்டன் என்பவர் கார் டிரைவர் மாதிரியா?

பலரும் தடுமாறுவது இங்கேதான். வாடகைக் காரில் நாம் சொன்ன இடத்துக்கு டிரைவர் போவார். படகில் அப்படி இல்லை. இந்தக் கடற்கரையில் மீன்பிடிப் படகின் தலைவரை 'தாண்டேல்' என்பார்கள். வலை போடுவதா, கரைக்குத் திரும்புவதா என்பதில் அவர் சொல்வதுதான் கடைசி வார்த்தை. சுற்றுலாப் படகின் கேப்டனுக்கும் அதே இடம்தான்.

உலக அளவில் கப்பல்களுக்கு இது சட்டமாகவே இருக்கிறது. டைட்டானிக் மூழ்கியதைத் தொடர்ந்து 1914-இல் உருவான 'சோலாஸ்' ஒப்பந்தத்தின் இன்றைய வடிவம் தெளிவாகச் சொல்கிறது: உயிர்ப் பாதுகாப்புக்காகக் கேப்டன் எடுக்கும் முடிவை உரிமையாளரோ, வாடகைக்கு எடுத்தவரோ, வேறு யாருமோ தடுக்கக் கூடாது. மல்பே படகுகள் அளவில் மிகச் சிறியவை, அந்த ஒப்பந்தம் பெரிய கப்பல்களுக்கானது. ஆனாலும் அதன் அடிப்படை எந்தப் படகுக்கும் பொருந்தும். "முழுப் படகுக்கும் நான்தான் பணம் கொடுத்தேன், இன்னும் கொஞ்சம் தூரம் போங்க" என்று சொல்லும்போது, கேப்டன் மறுத்தால் அவர் தன் வேலையைச் சரியாகச் செய்கிறார் என்று அர்த்தம். எதற்கும் தலையாட்டுகிற கேப்டனைப் பார்த்துத்தான் பயப்பட வேண்டும்.

எத்தனை பேர் ஏறலாம்?

இந்தக் கட்டுரையில் ஒரே ஒரு பகுதியைத்தான் படிக்க நேரம் இருக்கிறது என்றால் இதைப் படியுங்கள்.

'ஸ்வல்ப அட்ஜஸ்ட் மாடி' என்ற வார்த்தையில்தான் பெங்களூரு ஓடுகிறது. பி.எம்.டி.சி. பஸ்ஸில் ஒருவர் நகர்ந்து உட்கார்ந்தால் இன்னொருவருக்கு இடம் கிடைக்கும், யாருக்கும் ஆபத்தில்லை. படகின் கணக்கு வேறு. ஆள் ஏற ஏறப் படகு தண்ணீருக்குள் இறங்குகிறது. படகின் விளிம்புக்கும் தண்ணீருக்கும் நடுவே உள்ள உயரம் குறைகிறது. அமைதியாக இருக்கும்போது இது கண்ணுக்கே தெரியாது. ஓர் அலை வந்து தண்ணீர் உள்ளே புகுந்தால், அந்தத் தண்ணீர் சாய்ந்த பக்கமே ஓடி, சாய்வை இன்னும் கூட்டும். ஆட்கள் எழுந்து நின்றாலோ, மேல்தளத்தில் ஏறினாலோ எடை மேலே போய்விடுகிறது. அதன் பிறகு எல்லோரும் ஒரே பக்கம் சாய்ந்தால் போதும்.

2009 செப்டம்பர் 30 அன்று தேக்கடி ஏரியில் இரண்டு அடுக்குப் படகு கவிழ்ந்து 45 பேர் இறந்தார்கள். கரையில் விலங்குகளைப் பார்க்கப் பயணிகள் ஒரு பக்கமாகத் திரண்டபோது அது கவிழ்ந்ததாகச் செய்திகள் வந்தன. அது கடல்கூட இல்லை, ஏரி.

2014 ஜனவரி 26 அன்று போர்ட் பிளேர் அருகே 'அக்வா மரீன்' என்ற படகு மூழ்கியது. 25 பேருக்கான படகில் 40-க்கும் மேற்பட்டோர் இருந்தார்கள். இறந்த 21 பேரில் பலர் காஞ்சிபுரத்திலிருந்து குழுவாகச் சுற்றுலா போனவர்கள். 2023 மே 7 அன்று கேரளத்தின் தானூரில் மூழ்கிய படகு, மீன்பிடிப் படகைச் சுற்றுலாவுக்காக மாற்றியமைத்தது. அளவுக்கு மீறி ஆட்களை ஏற்றிக்கொண்டு இருட்டிய பிறகு ஓடியது. 22 பேர் இறந்தார்கள், பலர் குழந்தைகள்.

கர்நாடகக் கடற்கரையும் விதிவிலக்கல்ல. 2019 ஜனவரி 21 அன்று கார்வார் அருகே கூர்மகட் தீவின் நரசிம்மர் திருவிழாவுக்குப் போன பக்தர்கள் படகில் திரும்பும் வழியில், படகு கவிழ்ந்து 16 பேர் உயிரிழந்தார்கள்.

ஆகவே படகு பேசும்போது முதல் கேள்வி "எவ்வளவு?" அல்ல, "எத்தனை பேருக்கு அனுமதி?" என்பதுதான். அந்த எண்ணிக்கை பதிவு, சோதனைச் சான்றிதழில் இருக்கும்; படகிலும் எழுதியிருக்க வேண்டும். கைக்குழந்தையும் ஓர் ஆள்தான். 12 பேர் படகுக்கு 14 பேர் வந்துவிட்டால் இரண்டு படகு எடுங்கள், அல்லது இரண்டு நடை போங்கள். செலவு கூடும், வேறு வழியில்லை.

என்ன காகிதங்களைப் பார்க்க வேண்டும்?

மூன்று போதும். படகின் பதிவு எண், அண்மையில் சோதனை முடிந்ததற்கான சான்றிதழ், ஓட்டுபவரின் தகுதிச் சான்றிதழ். 1917-ஆம் ஆண்டின் பழைய சட்டத்துக்குப் பதிலாக வந்த 2021-ஆம் ஆண்டின் உள்நாட்டுக் கலங்கள் சட்டம், உள்நாட்டு நீர்வழிகளில் ஓடும் இயந்திரப் படகுகளுக்கு இந்த மூன்றையும், காப்பீட்டையும் வலியுறுத்துகிறது. கர்நாடகத்தில் துறைமுகங்களைக் கவனிப்பது கர்நாடகக் கடல்சார் வாரியம். பீச்சில் வந்து "சார், சீப்பா போலாம்" என்று கூப்பிடுபவரைவிட, துறைமுகத்தின் டிக்கெட் கவுன்டரில் விசாரிப்பது மேல். கேட்டால் கோபப்படும் படகுக்காரரிடம் பேரம் பேசவே வேண்டாம்.

லைஃப் ஜாக்கெட் இருந்தால் போதாதா?

இருந்தால் போதாது, போட்டிருக்க வேண்டும். 2024 டிசம்பர் 18 அன்று மும்பையிலிருந்து எலிபெண்டா தீவுக்குப் போன 'நீல் கமல்' படகு மீது கடற்படையின் வேகப்படகு மோதி 15 பேர் இறந்தார்கள். பயணிகள் மீது தவறே இல்லை. விபத்து நம் படகால்தான் வர வேண்டும் என்பதில்லை. மோதிய பிறகு இருக்கைக்கு அடியில் கைவிட்டு ஜாக்கெட்டைத் தேட நேரம் இருக்காது.

கவனிக்க வேண்டிய இன்னொன்று அளவு. பெரியவர்களின் ஜாக்கெட்டைக் குழந்தைக்கு மாட்டினால், தண்ணீரில் ஜாக்கெட் மேலே வரும், குழந்தை கீழே நழுவிவிடும். போட்டபின் தோள்பட்டையைப் பிடித்துத் தூக்கிப் பாருங்கள். காதுவரை ஏறினால் அது சரியில்லை. வீட்டில் சின்னப் பிள்ளைகள் இருந்தால் அவர்கள் எடைக்கு ஏற்ற ஜாக்கெட் இருக்கிறதா என்று போனிலேயே கேட்டுவிடுங்கள். வேர்க்குது, போட்டோவில் நல்லா இல்லை என்பதெல்லாம் காரணமே அல்ல.

எப்போது போகலாம்?

தென்மேற்குப் பருவமழைக் காலத்தில், வழக்கமாக ஜூன் முதல் செப்டம்பர் வரை, தீவுக்குப் படகு ஓடாது. கர்நாடகத்தில் இயந்திரப் படகுகளுக்கான மீன்பிடித் தடைக்காலமும் ஜூன், ஜூலையில்தான் வருகிறது. மழை விட்ட பிறகும் தேதியை மட்டும் நம்பாமல், கிளம்பும் முன் துறைமுகத்தில் கேட்டுக்கொள்ளுங்கள்.

நேரமும் முக்கியம். கோடையில் நிலம் சூடாகச் சூடாக, பிற்பகலில் கடலிலிருந்து காற்று வலுக்கும், அலையும் உயரும். காலையில் கண்ணாடி மாதிரி இருந்த கடல் மூன்று மணிக்கு ஆளைத் தூக்கிப் போடும். தனிப்படகின் உண்மையான லாபம் இதுதான்: முதல் ஆளாகக் காலையிலேயே போய், காற்று ஏறும் முன் திரும்பிவிடலாம். ஹைதராபாத்தில் உள்ள இன்காய்ஸ் மையம் அலை உயர எச்சரிக்கைகளை வெளியிடுகிறது. உள்ளூரில் காற்றே இல்லாதபோதும் தொலைதூரத் தென்கடலில் கிளம்பி வரும் 'கள்ளக்கடல்' பேரலைகளுக்கும் அது எச்சரிக்கை தருகிறது. வானிலைத் துறை மீனவர்களுக்கு எச்சரிக்கை விடுத்திருக்கும் நாளில் உங்கள் கேப்டன் "பரவாயில்லை, போலாம்" என்றால், நீங்கள் போகாதீர்கள்.

சுற்றிப் பார்ப்பது என்றால் எங்கு வேண்டுமானாலும் போகலாமா?

முடியாது. கார்வார் எதிரே உள்ள அஞ்சதீப் தீவு கடற்படையின் கட்டுப்பாட்டில் இருக்கிறது. முருடேஸ்வரிலிருந்து சுமார் 19 கி.மீ. தொலைவில் உள்ள நேத்ராணி, மேலிருந்து பார்த்தால் இதய வடிவம்; ஆனால் கடற்படை குண்டுவீச்சுப் பயிற்சிக்குப் பயன்படுத்திய தீவு. அங்கே மக்கள் போவது பெரும்பாலும் ஸ்கூபா டைவிங் செய்யத்தான். நம்மூரில் ராமேஸ்வரம் முதல் தூத்துக்குடி வரையுள்ள மன்னார் வளைகுடாவின் 21 தீவுகளும் தேசியக் கடல்சார் பூங்காவில் அடங்கும். வனத்துறை அனுமதி இல்லாமல் இறங்க முடியாது. குருசடை தீவுக்கு வனத்துறையே படகுச் சுற்றுலா நடத்துகிறது.

செயின்ட் மேரிஸிலும் இறங்கும் நேரம்தான் சிக்கலானது. தண்ணீர் ஆழம் குறைந்த இடத்தில் பெரிய படகு கரைவரை வராமல் சிறு படகுக்கு மாற வேண்டி வரலாம். முதியவர்கள் இருந்தால் இதை முன்பே கேளுங்கள். தூண் பாறைகளின் ஓரம் பாசி படிந்து வழுக்கும். தடுப்புக் கயிற்றைத் தாண்டிப் போய் செல்ஃபி எடுப்பவர்களை அலை இழுத்துப் போன சம்பவங்கள் உண்டு.

வாடகை பேசும்போது

விலை சீசனுக்குச் சீசன் மாறும். அதனால் தொகையைவிட அதில் என்ன அடங்கும் என்று பாருங்கள். ஆளுக்கா, படகுக்கா? தீவில் எவ்வளவு நேரம் காத்திருப்பார்கள்? கூடுதல் மணிக்கு என்ன? திரும்பி வருவதும் இதே படகில்தானா?

இன்னொரு கேள்வியைப் பெரும்பாலும் யாரும் கேட்பதில்லை. வானிலை சரியில்லை என்று கேப்டனே பயணத்தை ரத்து செய்தால் அட்வான்ஸ் முழுசாகத் திரும்ப வருமா? "வராது" என்றால், கடல் மோசமாக இருக்கும் நாளில் நீங்களும் காசு போகிறதே என்று "போயிடலாம்" என்பீர்கள், அவரும் கிளம்பிவிடுவார். வரும் என்றால், அதை வாட்ஸ்அப்பில் ஒரு வரியாக எழுதி வாங்கிக்கொள்ளுங்கள். ஏறும் முன் படகின் பதிவு எண்ணைப் போட்டோ எடுத்து, எத்தனை மணிக்குத் திரும்புவீர்கள் என்பதையும் சேர்த்து வீட்டில் ஒருவருக்கு அனுப்பிவிடுங்கள். கடலில் ஆபத்தென்றால் கடலோரக் காவல்படையின் கட்டணமில்லா எண் 1554.