பட்டுத் தொப்பியும் குளியல் தொட்டியும்

சாப்ளினின் கந்தலாடையை அறிந்த நம்மில் பலர், அவருக்கு முன்பே திரையில் நடமாடிய பட்டுத் தொப்பிக்காரரை அறிந்ததில்லை. மாக்ஸ் லிண்டேர் என்னும் அப்பிரெஞ்சு நடிகர், 1883இல் போர்தோ நகருக்கு அருகே திராட்சைத் தோட்டக் குடும்பமொன்றில் பிறந்தவர். 1905 முதல் பாத்தே நிறுவனத்தின் குறும்படங்களில் நடித்தார். இயேசுவின் வாழ்வையும் பாடுகளையும் படமாக்கி நாடெங்கும் அனுப்பிய அதே நிறுவனம்தான்! கல்வாரியும் கோமாளித்தனமும் ஒரே கூடத்திலிருந்து வந்தன என்பதில் முகஞ்சுளிக்க ஏதுமில்லை என்றே நாம் எண்ணுகிறோம்.

அவர் படைத்த ‘மாக்ஸ்’ ஒரு பாரிஸ் நகரத்துக் கனவான். மெருகேற்றிய காலணி, கையுறை, கைத்தடி, நறுக்கிய மீசை, எந்நேரமும் குறைவற்ற உபசாரம். 1910இல் வந்த ‘மாக்ஸ் குளிக்கிறார்’ என்னும் படத்தில் அவர் குளியல் தொட்டியொன்றை வாங்கி வீட்டுக்குக் கொண்டுவருகிறார். தண்ணீர்க் குழாயோ அறைக்கு வெளியே, எல்லார்க்கும் பொதுவான நடைவழியில் இருக்கிறது. மொண்டு ஊற்றிச் சலித்தவர், தொட்டியையே குழாயடிக்கு இழுத்துச் சென்று அங்கேயே குளிக்கத் தொடங்குகிறார். அயலார் பதறுகின்றனர், காவலர் வந்து தொட்டியோடு தூக்கிச் செல்கின்றனர். பின்னர் அத்தொட்டியையே முதுகில் கவிழ்த்துக்கொண்டு, ஆமைபோலத் தப்பியோடுகிறார் நம் கனவான்.

சிரித்தபின் தொடக்க நூலின் மூன்றாம் அதிகாரம் நினைவுக்கு வருகிறது. ஆனால், அத்தியிலை தைத்து உடுத்த ஆதாம் கட்டளையை மீறியவர். மாக்ஸ் செய்த குற்றம் என்ன? தூய்மையை நாடினார், அவ்வளவே. குழாய் அறைக்குள் இருந்திருந்தால் அவருடைய மானம் காக்கப்பட்டிருக்கும். நற்பண்பு என்று நாம் மெச்சுவதில் எத்தனை பங்கு வெறும் வசதி? ஒற்றை அறையில் எண்மர் வாழும் குடும்பத்தாரின் ‘நாகரிகக் குறைவை’ நம் பங்குகளில் பேசுவோர், இப்படத்தைக் காண்பது நல்லது.

சாப்ளின் தம்மை லிண்டேரின் சீடரென எழுதி, தம் நிழற்படத்தை அவருக்கு அளித்தார். முதல் உலகப் போருக்குப் பின் லிண்டேரின் உடலும் மனமும் நலிந்தன. 1925 அக்டோபர் இறுதியில், அனைத்துப் புனிதர் விழா நெருங்கிய வேளையில், அவரும் இளம் மனைவியும் பாரிசில் தற்கொலையில் மாண்டனர். இத்தகையோரின் மீட்பைக் குறித்து நம்பிக்கை இழத்தலாகாது என்கிறது 1992ஆம் ஆண்டின் கத்தோலிக்கத் திருச்சபையின் மறைக்கல்வி. அவர்களுக்காகத் திருச்சபை மன்றாடுகிறது.

அவர்களுடைய மகள் மோதுக்கு அப்போது பதினாறு மாதம். தந்தையின் முகம் நினைவில் தங்காத வயது. வளர்ந்தபின், சிதறிக் கிடந்த படச்சுருள்களைத் தேடிச் சேர்த்தார். 1983இல் தந்தையைப் பற்றி ஆவணப்படம் எடுத்தார். 2017இல் அவர் மறையும்வரை, தந்தை நடக்கவும் தொப்பியை உயர்த்தவும் கண்டது திரையில் மட்டுமே.